ஏ.சி. தண்ணீரில் பிழைத்த நத்தை

எங்கள் வீட்டின் வடக்குச் சுவருக்கும் காம்பவுண்டுக்கும் நடுவே இரண்டடி அகலத்தில் ஒரு சந்து உண்டு. ஏ.சி.யின் வெளிப்பெட்டியை அங்கேதான் மாட்டியிருக்கிறோம். மாட்ட வந்தவர் தண்ணீர்க் குழாயைச் சாக்கடை வரை இழுக்காமல் பாதிச் சுவரிலேயே தொங்க விட்டுவிட்டார். "நாளைக்கு வந்து முடிச்சுத் தரேன் சார்" என்று அவர் சொல்லி மூன்று கோடை போய்விட்டது. இப்போது அந்தச் சந்தில் அக்னி நட்சத்திரத்தில்கூடச் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்துகொண்டிருக்கிறது. சுவரெல்லாம் பாசி. யாரும் நடாத சேம்பு ஒன்று முழங்கால் உயரத்துக்கு வளர்ந்து நிற்கிறது. அப்புறம், நத்தைகள்.

வயல் வரப்பில் பார்க்கிற சின்ன நத்தை என்று நினைத்துவிட வேண்டாம். உள்ளங்கை நீளத்துக்கு, பழுப்புக் கோடு போட்ட கூம்பு ஓட்டைச் சுமந்துகொண்டு ஊர்கிற ஆப்பிரிக்க நத்தை. வெயில் காலம் முழுக்க அந்த ஈரச் சந்தில் ஒளிந்து கிடக்கும். ஐப்பசி மழை இறங்கியதும் கூட்டமாகப் புறப்பட்டு அம்மாவின் அரைக்கீரைப் பாத்திக்கு வந்துவிடும். அம்மாவுக்கு எழுபத்துநான்கு வயது. இரவு ஒன்பது மணிக்கு ஒரு கையில் டார்ச், மறு கையில் கல்லுப்புக் கிண்ணம் என்று கிளம்பிவிடுவார். பின்னால் வாளியைத் தூக்கிக்கொண்டு போவது என் வேலை. ஒரு ராத்திரி எண்ணிப் பார்த்தோம், நாற்பத்தொன்று. உப்பு பட்டதும் நத்தை நுரை தள்ளும். கூடவே கொதிப்பது போல மெல்லிய சத்தம் ஒன்று வரும். அந்தச் சத்தத்தை என்னால் நின்று கேட்க முடியாது. "பாவம் பார்த்தா கீரை மிஞ்சாதுடா" என்பார் அம்மா. அவர் சொல்வதிலும் தப்பில்லை.

நான் சொல்ல வந்தது வேறொரு நத்தையின் கதை. அதுவும் இப்படி ஒரு சந்தில், இப்படி ஏ.சி. தண்ணீர் சொட்டச் சொட்டத்தான் பிழைத்துக் கிடந்தது. ஊர், பெர்முடா.

பெர்முடா என்றதும் என் வயதுக்காரர்களுக்கு முக்கோணம்தான் ஞாபகம் வரும். கப்பல் மறைந்தது, விமானம் மறைந்தது என்று வார இதழ்கள் போட்ட கதைகளை விடுமுறையில் வாய் பிளந்து படித்த தலைமுறை நாங்கள். அங்கே நிஜமாகவே மனிதர்கள் வாழ்கிறார்கள், அவர்களுக்கு ஓர் அரசாங்கமும் ஹாமில்டன் என்று ஒரு தலைநகரமும் இருக்கின்றன என்பதெல்லாம் வெகுநாள் கழித்துத்தான் எனக்கு உறைத்தது. வடக்கு அட்லாண்டிக்கின் நடுவே கிடக்கிற தீவுக்கூட்டம் அது. எல்லாத் தீவுகளையும் சேர்த்துக் கூட்டினால் சுமார் 54 சதுர கிலோமீட்டர், சென்னை மாநகராட்சியில் எட்டில் ஒரு பங்கு. மிக அருகிலுள்ள கரை அமெரிக்காவின் வட கரோலினா. அதற்கே ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் கடல் தாண்ட வேண்டும்.

அடியில் ஓர் அணைந்த எரிமலை. அதன் தலையில் சுண்ணாம்புக்கல். கடல் சிப்பியும் பவளமும் பொடிப்பொடியாகி மணலாகி, காற்று அதை மேடு மேடாகக் குவித்து, மழை நனைத்து நனைத்துக் கல்லாக இறுக்கிய தரை. நத்தைக்கு இதைவிடச் சொர்க்கம் வேண்டுமா? தன் வீட்டைச் சுண்ணாம்பால் கட்டுகிற பிராணிக்கு ஊரே சுண்ணாம்பாக அமைந்தது. யாரும் கொண்டுபோய் விடாமலே அங்கே ஒரு நத்தை வந்து சேர்ந்திருக்கிறது. மிதந்து வந்த மரக்கட்டையிலோ, பறவையின் காலில் ஒட்டிய சேற்றிலோ, ஏதோ ஒரு வழியில். வந்து பத்து லட்சம் வருடத்துக்கு மேலாகிறது. வந்தது பெருகி, கிளை கிளையாகப் பிரிந்து, உலகத்தில் வேறெங்குமே இல்லாத ஒரு பேரினமாகிவிட்டது. பெயர் போசிலோசோனைட்டீஸ். வாயில் நுழையச் சற்று நேரம் பிடிக்கும். அதில் பெர்முடென்சிஸ் என்கிற இனம்தான் நம் கதாநாயகன். சட்டைப் பொத்தானைவிடக் கொஞ்சம் பெரிசு, குறுக்களவு சுமார் இரண்டு சென்டிமீட்டர்தான். தட்டையான சுருள் ஓடு. பழுப்பு நிறம். அழகு என்று சொல்லி யாரும் அதைச் சங்கிலியில் கோக்கப் போவதில்லை.

இந்த நத்தை எனக்கு அறிமுகமானது ஸ்டீபன் ஜே கூல்ட் வழியாக. கல்லூரி முடித்த புதிதில், வேலையும் இல்லாமல் கையில் காசும் இல்லாமல், பழைய புத்தகக் கடைகளில் நின்றபடியே பாதிப் புத்தகத்தைப் படித்துவிட்டு வைக்கிற பழக்கம் இருந்தது. அப்படி ஒருநாள் அட்டை கிழிந்த கூல்ட் ஒன்று கிடைத்தது. பத்து ரூபாய். பரிணாமத்தைப் பற்றி இப்படி ஊர்க்கதை பேசுவது போல எழுத முடியுமா என்று பிரமித்துப் போனேன். ஹார்வர்டில் பேராசிரியர், டைனோசரிலிருந்து பேஸ்பால் வரை எதையும் எழுதுவார். ஆனால் தொழிலில் அவர் நத்தைக்காரர். 1960களில் முனைவர் பட்டத்துக்கு அவர் எடுத்துக்கொண்டது இந்தப் பெர்முடா நத்தையைத்தான்.

ஏன் நத்தை? இறந்த பிறகும் ஓடு கெடாமல் கிடக்கிறது என்பது ஒரு காரணம். பெர்முடாவின் சுண்ணாம்புக்கல் அடுக்குகளில் லட்சக்கணக்கான வருடத்து ஓடுகள் வரிசையாகப் புதைந்திருக்கின்றன. பனியுகங்களில் கடல் வற்றித் தீவு பல மடங்கு விரிந்தது, பனி உருகியதும் மறுபடி சுருங்கியது. ஒரு காலத்தில் வெள்ளைச் சுண்ணாம்பு மணல், இன்னொரு காலத்தில் சுண்ணாம்பு குறைந்த செம்மண். இந்த மாற்றங்களை நத்தை ஓட்டில் படிக்கலாம். இன்னொரு வசதியும் உண்டு. ஓட்டின் நடுப்புள்ளிதான் நத்தை குஞ்சாக இருந்தபோதைய வீடு, அங்கிருந்து வெளியே வளர வளரச் சுருள் நீள்கிறது. ஒரே ஓட்டில் அதன் பிறப்பிலிருந்து முதுமை வரை பதிவாகி இருக்கிறது. எந்த எலும்பிலும் கிடைக்காத சௌகரியம் இது.

கூல்ட் பார்த்தது இது: தலைமை இனம் பெரும்பாலும் மாறாமல் நீண்டகாலம் அப்படியே இருக்கிறது. ஆங்காங்கே ஓரத்தில், வயதாகியும் குஞ்சு வடிவத்திலேயே நின்றுவிட்ட கிளைகள் திடீரென்று முளைக்கின்றன. ஒன்றிலிருந்து ஒன்று வந்தவை அல்ல இந்தக் கிளைகள், தனித்தனியாக வெவ்வேறு காலத்தில் முளைத்தவை. 1972-ல் நைல்ஸ் எல்ட்ரெட்ஜோடு சேர்ந்து அவர் ஒரு கட்டுரை வெளியிட்டார். உயிரினங்கள் சொட்டுச் சொட்டாக இடைவிடாமல் மாறிக்கொண்டே இருப்பதில்லை, நெடுங்காலம் மாறாமல் இருந்துவிட்டு, புவியியல் கணக்கில் சட்டென்று கிளை பிரிகின்றன என்பது அதன் சாரம். உயிரியலில் பெரிய சண்டையைக் கிளப்பிய கட்டுரை. எல்ட்ரெட்ஜ் சாட்சிக்குக் கூப்பிட்டது டிரைலோபைட் என்கிற, எப்போதோ அழிந்துபோன கடல் பிராணியை. கூல்ட் கூப்பிட்டது பெர்முடா நத்தையை. யார் பக்கம் நியாயம் என்கிற விவாதத்துக்குள் நான் போகவில்லை, அதற்கு எனக்குத் தகுதியும் போதாது. பொத்தான் அளவுப் பிராணி ஒன்று டார்வின் கணக்கைத் திருத்தச் சாட்சிக் கூண்டில் ஏறியது என்பதே எனக்குப் போதுமானதாக இருந்தது.

அதே கூல்ட் பின்னாளில் எழுதிய இன்னொரு கட்டுரையில் ஒரு செய்தி வரும். முனைவர் பட்ட வேலைக்காகப் போனபோது காலடியில் கிடந்த நத்தைகளை 1973-ல் திரும்பிப் போய்த் தேடியிருக்கிறார். உயிரோடு ஒன்றுகூட அகப்படவில்லை. பிறகு இன்னொரு முறை போனபோது சின்ன இனம் ஒன்றைக் கண்டுபிடித்துவிட்டார். பெர்முடென்சிஸ் மட்டும் இல்லை. அநேகமாக அழிந்துவிட்டது என்று எழுதிவிட்டார். 2002-ல் கூல்டும் இறந்துபோனார். ஆளும் இல்லை, நத்தையும் இல்லை என்று நானும் அந்தக் கணக்கை முடித்து வைத்திருந்தேன்.

சரி, பத்து லட்சம் வருடம் பிழைத்தது பத்துப் பதினைந்து வருடத்தில் எப்படிக் காணாமல் போனது? அங்கேதான் கதை நம் வீட்டுச் சந்துக்குப் பக்கத்தில் வருகிறது.

பெர்முடாவில் ஒட்டாலா என்று ஒரு வெளியூர் நத்தை இருந்தது. மத்தியதரைக்கடல் பக்கத்து ஜாதி, சமைத்துச் சாப்பிடுகிற வகை. எப்படியோ வந்து தோட்டங்களில் பெருகிப் பயிரை மேய்ந்தது. அதை ஒழிக்க 1958-ல் அரசாங்கம் இன்னொரு நத்தையை இறக்கியது. யூக்ளாண்டினா ரோசியா. ஃபுளோரிடாப் பக்கத்து நத்தை. ஆங்கிலத்தில் ஓநாய் நத்தை என்றே பெயர். இலை, தழை எதையும் தொடாது. பிற நத்தைகள்தான் அதன் சாப்பாடு.

இந்த ஓநாயைப் பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். நத்தை ஊர்ந்த இடத்தில் ஒரு பளபளப்பான கோழைத்தடம் இருக்குமே, காலையில் சுவரில் பார்த்திருப்பீர்கள். ஓநாய் நத்தை அந்தத் தடத்தில் ஏறிக்கொள்ளும். அதன் வாய்க்கு இருபுறமும் மீசை போல இரண்டு நீட்டல்கள் உண்டு. அவற்றால் தடத்தைத் தொட்டுத் தொட்டு ருசி பார்த்துக்கொண்டே, மற்ற நத்தைகளைவிட வேகமாகப் பின்தொடர்ந்து போகும். முன்னால் போகிறவனுக்குத் தன் பின்னால் வருகிற ஆபத்து தெரியாது. சின்ன நத்தை அகப்பட்டால் ஓட்டோடு விழுங்கிவிடும். பெரிசாக இருந்தால் ஓட்டுக்குள் தலையை விட்டுத் தின்னும். 'நந்தும் முரளும் ஈரறிவினவே' என்கிறது தொல்காப்பியம். நந்து என்றால் நத்தை, ஈரறிவு என்றால் தொடுதலும் சுவைத்தலும். இன்றைய உயிரியலைக் கேட்டால் மோப்பமும் உண்டு, ஒளி இருள் பேதமும் தெரியும் என்று பட்டியலை நீட்டும். ஆனால் இந்த ஓநாய் வேட்டையாடுவதைப் பார்த்தால் நம் பழைய ஆசிரியர் சரியாகத்தான் பார்த்திருக்கிறார் என்று தோன்றும். தொட்டு, ருசித்து, தொட்டு, ருசித்து, கொலை வரை போகிறது.

ஒட்டாலாவைத் தின்ன வந்தது ஒட்டாலாவைத் தின்றதா என்றால், அதை ஒழிக்கிற அளவுக்குத் தின்னவில்லை. பெர்முடாவின் சொந்த நத்தை சின்னது, பயந்து பழகாதது, பத்து லட்சம் வருடத்தில் இப்படி ஒரு வேட்டைக்காரனைப் பார்த்திராதது. அதைத் தின்று தீர்த்தது.

இந்த ஊருக்கு இது முதல் முறையும் அல்ல. பெர்முடாவின் இருபதாம் நூற்றாண்டை அடுக்கிச் சொன்னால் பாட்டி சொல்கிற சங்கிலிக்கதை மாதிரியே இருக்கும். பழ ஈயைப் பிடிக்க 1905-ல் ஜமைக்காவிலிருந்து பல்லி வந்தது. 1940களில் செதில் பூச்சி ஒன்று தீவின் செடார் மரங்களைத் தாக்கியது. ஊருக்கே அடையாளமாக இருந்த மரம் அது, பத்து வருடத்துக்குள் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பட்டுப்போனது. செதில் பூச்சியைத் தின்னப் பொறிவண்டுகளைக் கொண்டுவந்து விட்டார்கள். பழ ஈக்காக வந்த பல்லி அந்தப் பொறிவண்டுகளைத் தின்றது. பல்லியைத் தின்ன 1957-ல் டிரினிடாடிலிருந்து கிஸ்கடீ என்கிற மஞ்சள் வயிற்றுப் பறவை வந்தது. அது பல்லியும் தின்றது, பழமும் தின்றது, மற்ற குருவிகளின் முட்டையையும் குஞ்சையும் தின்றது. இன்று தீவெங்கும் அதன் சத்தம்தான். அடுத்த வருடமே ஓநாய் நத்தை. பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது என்போம். இங்கே ஒவ்வொரு குரங்கையும் துரத்த இன்னொரு பிள்ளையார் பிடித்திருக்கிறார்கள்.

கேலி செய்வது சுலபம். நானும் முதலில் செய்தேன். பிறகு ஒரு ராத்திரி வாளியோடு அம்மா பின்னால் நிற்கும்போது நினைத்தேன், அந்த விவசாய அதிகாரிகள் செய்ததும் இதைத்தானே. தோட்டத்தை நத்தை மேய்கிறது, ஏதாவது செய்யுங்கள் என்று ஜனங்கள் வந்து நின்றிருப்பார்கள். விஷம் தெளிப்பதைவிட இது சுத்தமான வழி என்று அன்றைய விஞ்ஞானம் சொன்னது. அவர்களிடம் கெட்ட எண்ணம் இல்லை. தோட்டத்து நத்தை அவர்கள் கண்ணில் பட்டது. புதருக்கடியில் கிடந்த பழுப்புப் பொத்தான் யார் கண்ணிலும் படவில்லை, கூல்டைத் தவிர.

பசிபிக்கில் நடந்தது இதைவிடப் பெரிய கொடுமை. அங்கே காரணமே நம் சந்தில் ஊர்கிற ஆப்பிரிக்க நத்தைதான். கிழக்கு ஆப்பிரிக்காவின் இந்தப் பிராணி இந்தியப் பெருங்கடல் தீவுகள் வழியாக உலகம் சுற்றப் புறப்பட்டது. இந்தியாவுக்கு வந்த கதை பதிவாகியிருக்கிறது. 1847-ல் பென்சன் என்கிற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி, ஓடு சேகரிக்கிற பித்துப் பிடித்தவர், மொரீஷியஸிலிருந்து சிலவற்றைக் கல்கத்தாவுக்குக் கொண்டுவந்தார். அவை சௌரங்கியில் ஒரு தோட்டத்துக்குப் போய்ச் சேர்ந்தன. அந்தத் தோட்டத்தின் வாரிசுகளுக்குத்தான் நான் இப்போது வாளி தூக்குகிறேன். தஹிதிக்கு ஆப்பிரிக்க நத்தை 1967-ல் போனது. அதை ஒழிக்க 1974-ல் ஓநாய் நத்தையை விட்டார்கள், பக்கத்துத் தீவான மூரேயாவில் 1977-ல். மூரேயாவின் சொந்த நத்தைகளான பார்ட்டுலாக்கள் பத்தே வருடத்தில் காட்டில் இல்லாமல் போயின. விரல் நகம் அளவு நத்தைகள் அவை, பள்ளத்தாக்குக்குப் பள்ளத்தாக்கு நிறமும் கோடும் மாறும். ஹென்றி கிராம்ப்டன் என்கிற விஞ்ஞானி இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து ஆயுளையே செலவழித்து அவற்றை அளந்தவர். அந்தப் பக்கத்துத் தீவுகளின் பெண்கள் பார்ட்டுலா ஓட்டைக் கோத்து மாலை கட்டுவார்கள். நத்தை போனதும் அந்தக் கைவேலையும் போனது. பார்ட்டுலா டர்ஜிடா என்கிற இனத்தின் கடைசி நத்தை 1996 ஜனவரியில் லண்டன் உயிரியல் பூங்காவில் இறந்தது. ஹவாயில் ஜார்ஜ் என்று பெயர் வைக்கப்பட்ட மர நத்தை, அதன் இனத்தில் தெரிந்த கடைசி ஒன்று, 2019 புத்தாண்டு தினத்தில் இறந்தது. பதினான்கு வயது. நத்தை பதினான்கு வருடம் வாழும் என்பதே அந்தச் செய்தியைப் படித்தபோதுதான் எனக்குத் தெரியும்.

பெர்முடாவுக்கு வருகிறேன். 2014. ஹாமில்டன் நகரத்தில் உள்ளூர்க்காரர் ஒருவருக்கு ஒரு ஓடு கிடைக்கிறது. புதைபடிவம் போல வெளுத்துப் போன ஓடு அல்ல, புத்தம்புதிது. அரசின் இயற்கைப் பாதுகாப்புத் துறையிடம் கொண்டுபோய்க் காட்டுகிறார். நம்புவது கஷ்டம்தானே? பிறகு உயிரோடு ஒன்றையே கொண்டுவந்து காட்டுகிறார். அந்தத் துறையின் சூழலியலாளர் மார்க் அவுட்டர்பிரிட்ஜ் தேடிப் போன இடம் காடும் இல்லை, யாரும் ஏறாத பாறைத்தீவும் இல்லை. தலைநகரத்தின் நடுவே, நாலைந்து மாடிக் கட்டடங்களுக்கு இடையில் புதர் மண்டிக் கிடந்த ஒரு சந்து. சுற்றிலும் சுவர், அதனால் நிழல். ஓநாய் நத்தை உள்ளே வந்து சேரவில்லை. மேலே ஏ.சி. பெட்டிகள். அவற்றிலிருந்து ராப்பகலாகத் தண்ணீர் சொட்டிக்கொண்டே இருந்ததால் தரை காயவில்லை. பத்து லட்சம் வருடப் பரம்பரை அந்த ஈரத்தில் குடியிருந்தது.

இதைப் படித்தபோது நான் எங்கள் வீட்டு ஏ.சி.க்குக் கீழேதான் உட்கார்ந்திருந்தேன். வெளியே சொட்டுகிற சத்தம் கேட்டது. புத்தகத்தில் செத்துப்போன ஒருவர் தெருமுனை டீக்கடையில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தால் எப்படி இருக்கும்? கூல்டிடம் ஓடிப்போய்ச் சொல்ல வேண்டும் போல இருந்தது. பன்னிரண்டு வருடம் தாமதம்.

வேடிக்கை என்னவென்றால், அந்தச் சந்தைச் சுத்தம் செய்ய யாராவது நல்ல மனசோடு கிளம்பியிருந்தால் கதை முடிந்திருக்கும். குழாயைச் சாக்கடை வரை ஒழுங்காக இழுத்துவிட்டிருந்தாலும் முடிந்திருக்கும். சூழலியலில் 'வாழிடம்' என்கிற சொல்லைக் கேட்டால் நமக்கு மழைக்காடு கண்ணில் வரும். நத்தைக்கு ஈரம், நிழல், சுண்ணாம்பு, எதிரி இல்லாமை, இந்த நாலும் கூடினால் போதும். கான்கிரீட்டில் சுண்ணாம்புக்கும் குறையில்லை. முனிசிபாலிட்டி கண்ணுக்கு அது குப்பைச் சந்து.

ஆனால் ஒரே சந்தை நம்பி ஓர் இனத்தை விட்டுவைக்க முடியாது. கொஞ்சம் நத்தைகளைப் பிடித்து இங்கிலாந்தின் செஸ்டர் உயிரியல் பூங்காவுக்கு அனுப்பினார்கள். அட்லாண்டிக்கின் உப்புக் காற்றில் வளர்ந்தது, குளிர் நாட்டில் வெப்பமும் ஈரமும் அளந்து வைத்த பெட்டிக்குள் குடியேறியது. நத்தையை வளர்ப்பதில் ஒரு வசதி, ஆண் பெண் தேடி ஜோடி சேர்க்க வேண்டியதில்லை. ஒவ்வொன்றும் இரண்டும்தான். ஆபத்து வேறு பக்கம் இருக்கிறது. லண்டனில் கடைசி பார்ட்டுலா டர்ஜிடா செத்தது எந்த ஓநாயாலும் அல்ல, கண்ணுக்குத் தெரியாத ஒட்டுண்ணியால். பெட்டிக்குள் பத்திரமாக இருக்கிறது என்று நினைக்கிறபோதே மொத்தக் கூட்டமும் போய்விடலாம். செஸ்டரில் அப்படி எதுவும் ஆகவில்லை. நூறுகள் ஆயிரங்கள் ஆயின.

2019-ல் நாலாயிரத்துக்கும் மேற்பட்ட நத்தைகளைப் பெர்முடாவுக்குத் திருப்பிக் கொண்டுவந்து நான்சச் என்கிற தீவில் விட்டார்கள். இந்தத் தீவைப் பற்றிச் சொல்லாவிட்டால் கதை முழுசாகாது. மொத்தமே ஆறு ஹெக்டேர் அளவுதான், நினைத்தவர் நினைத்தபோது போய் இறங்க முடியாது. அதற்குப் பின்னால் இருக்கிற ஆள் டேவிட் விங்கேட். 1951-ல், பதினைந்து வயதுப் பையனாக, இரண்டு பறவையியலாளர்களோடு அவர் ஒரு படகில் போயிருந்தார். கஹாவ் என்கிற கடற்பறவையைத் தேடிய பயணம். ராத்திரியில் அது போடுகிற ஓலத்தைக் கேட்டுத்தான் பழைய ஸ்பானிய மாலுமிகள் பெர்முடாவைப் பேய்த்தீவு என்று ஒதுங்கிப் போனார்கள். 1620களிலேயே அழிந்துவிட்டது என்று முந்நூறு வருடமாக எல்லோரும் நம்பிய பறவை. அன்றைக்கு ஒரு பாறைப் பொந்துக்குள் உட்கார்ந்திருந்தது. அந்தப் பையன் பிற்பாடு அதற்கே வாழ்க்கையைக் கொடுத்துவிட்டார். 1960களில் நான்சச் தீவுக்குக் குடிபோய், பட்டுப்போன செடார்களுக்கு நடுவே ஆயிரக்கணக்கில் உள்நாட்டு மரங்களை நட்டு, அதைப் பழைய பெர்முடாவாகத் திருப்பப் பாடுபட்டார்.

அவரும் ஒரு வெளியூர்ப் பிராணியைக் கொண்டுவந்து விட்டவர்தான் என்பதைச் சொல்லியாக வேண்டும். நில நண்டுகள் பெருகித் தொல்லை கொடுத்தன. அவற்றைத் தின்ன ஒரு நாரை ஜாதி பெர்முடாவில் ஒரு காலத்தில் இருந்து அழிந்திருந்தது, அதன் எலும்புகள் கிடைத்திருக்கின்றன. விங்கேட் 1970களின் பிற்பகுதியில் ஃபுளோரிடாவிலிருந்து அதன் நெருங்கிய சொந்தமான ராக்கொக்கின் குஞ்சுகளைக் கொண்டுவந்து, கையால் நண்டு ஊட்டி வளர்த்துவிட்டார். அது பலித்தது. கொக்கு நண்டைத்தான் தின்றது. காலியாகிக் கிடந்த ஒரு நாற்காலி எது என்று பார்த்து, அதில் உட்காரத் தெரிந்தவரை அழைத்து வந்தார் அவர். யூக்ளாண்டினாவை அழைத்தவர்கள் நாற்காலியே இல்லாத இடத்தில் ஒருவரைக் கொண்டுவந்து விட்டார்கள். ஆகவே 'வெளியூரிலிருந்து எதுவும் வரவே கூடாது' என்று சொல்பவர்களோடு என்னால் முழுசாக ஒத்துப்போக முடியவில்லை.

நான்சச்சில் விட்ட நத்தைகள் பிடித்துக்கொண்டன. பிறகு வேறு இடங்களிலும் விட்டார்கள். 2025 ஜூலையில் செஸ்டர் பூங்கா அறிவித்தது: இதுவரை வளர்த்து விட்டவை ஒரு லட்சத்துக்கும் மேல், ஆறு இடங்களில் நத்தைகள் தாமாகவே நிலைத்துவிட்டன. பார்ட்டுலாக்களிலும் சில இனங்களைப் பசிபிக் தீவுகளுக்குத் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள், அவற்றில் ஓர் இனம் காட்டிலேயே குட்டி போட்டிருக்கிறது. ஓநாய் நத்தை மட்டும் பெர்முடாவிலிருந்து போய்விடவில்லை. அதை எப்படித் திருப்பி அழைப்பது என்பதற்கு வழி கிடையாது. அது வராத மூலைகளாகப் பார்த்துத்தான் இவற்றைக் குடிவைக்க வேண்டும்.

இதையெல்லாம் ஒருநாள் ராத்திரி அம்மாவிடம் சொன்னேன். கீரை ஆய்ந்துகொண்டே கேட்டார். "அவ்ளோ காசு செலவு பண்ணி நத்தைய வளர்க்கறாங்களா?" என்றார். பிறகு, "அது அவங்க ஊர் நத்தை. இது நம்ம ஊர் இல்லல்ல?" என்று தன் உப்புக் கிண்ணத்துக்கு ஒரு நியாயமும் கண்டுபிடித்துவிட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை, ஏனென்றால் அதுதான் சரியான பதில்.

போன வாரம் நல்ல மழை. ஒன்பது மணிக்கு வழக்கம் போலச் சந்துக்குள் போனோம். சேம்பு இலையின் அடிப்பக்கத்தில் டார்ச் வெளிச்சம் பட்டபோது ஏதோ மின்னியது. குனிந்து பார்த்தேன். சுண்டுவிரல் நகத்தில் பாதி. தட்டை ஓடு, கண்ணாடி மாதிரி, உள்ளே உடம்பு அசைவது நிழலாகத் தெரிந்தது. ஆப்பிரிக்க நத்தையின் குஞ்சுக்கு ஓடு இப்படித் தட்டையாக இருக்காது, இது அந்த ஜாதியே இல்லை. பக்கத்து இலையில் இன்னும் மூன்று. குழாய் சொட்டுகிற இடத்துக்கு நேர் கீழே ஒரு கொத்து. மூன்று வருடமாக இதே சந்தில் வாளியோடு நின்றிருக்கிறேன், ஒருநாளும் பார்த்ததில்லை.

"அம்மா, இதுமேல உப்பு போடாதீங்க. இது வேற" என்றேன்.

அம்மா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு குனிந்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"இத்துனூண்டு இருக்கு. இருட்டுல எது எதுன்னு எனக்கு எப்படிடா தெரியும்?"

கிண்ணத்தை என் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போய்விட்டார். இப்போது நான் கையுறை போட்டுக்கொண்டு பெரிசுகளை மட்டும் ஒவ்வொன்றாகப் பொறுக்கி வாளியில் போடுகிறேன். ஒன்பது மணிக்குத் தொடங்கினால் பத்தரை ஆகிறது. முதுகு வலிக்கிறது. நேற்று அந்த மெக்கானிக் தானாகவே போன் செய்தார், பக்கத்துத் தெருவில் வேலையாம், அப்படியே வந்து குழாயை முடித்துக் கொடுத்துவிடட்டுமா என்று கேட்டார்.

அடுத்த மாதம் பார்க்கலாம் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.